மலர்ச்சாலையில் பேசப் போகிறவருக்கு: இரங்கலுரையை வெறும் வார்த்தையில்லாமல் எழுதும் முறை

போன வருடம் ஒரு மழைநாள். மத்தியானம் மூன்று மணி இருக்கும். வெள்ளவத்தையில் நான் வேலை செய்யும் அச்சகத்துக்கு ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் வந்தார். மழிக்காத முகம், கையில் நான்காக மடித்த கொப்பித்தாள்.

"அண்ணை, அம்மா மோசம் போயிட்டா. நாளைக்குப் பொரளை மலர்ச்சாலையில நான்தான் கதைக்கவேணும். இதைப் பெரிய எழுத்தில அடிச்சுத் தாங்கோ."

தாளை விரித்தேன். "தியாகத்தின் திருவுருவமே! பாசத்தின் பிறப்பிடமே! எங்கள் குலவிளக்கே! ஈடுசெய்ய முடியாத உங்கள் பிரிவால் ஆறாத் துயரக் கடலில் மூழ்கித் தத்தளிக்கின்றோம்" என்று தொடங்கி ஒன்றரைப் பக்கம் அப்படியே போனது. அடித்துக்கொண்டே கேட்டேன்: "அம்மா எப்பிடிப்பட்டவ, தம்பி?"

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு சொன்னார்: "எண்பத்து மூண்டுக்குப் பிறகு அவ வாசல் கதவுக்குப் பக்கத்தில ஒரு பை வச்சிருந்தவ. எங்கட பிறப்பத்தாட்சிப் பத்திரம், காணி உறுதி, டோர்ச், ஒரு கிறீம் கிறேக்கர் பைக்கற். பிஸ்கட்டுக்குத் திகதி முடிய முதல் புதுசு வாங்கி வைப்பா. பழசைத் தேத்தண்ணியோட எங்களுக்குத் தருவா. எங்களுக்கு அந்த நாள் எண்டால் சந்தோஷம். ஏன் தாறா எண்டு அப்ப விளங்கேல்லை."

"இது ஏன் தாளில இல்லை?"

"அது வீட்டுக் கதை அண்ணை. சபையில சொல்லுற விஷயமா?"

சபையில் சொல்ல வேண்டியதே அதுதான். இந்த வேலையில் எனக்குப் பதினெட்டு வருடம். எத்தனையோ கல்வெட்டு (இறந்தவர் நினைவாகப் பாட்டில் அச்சிடும் சிறு நூல்), 31ஆம் நாள் நினைவு மலர், இரங்கலுரை என் கையால் அச்சாகிப் போயிருக்கின்றன. நல்ல பிள்ளைகள், நெஞ்சு நிறைந்த துக்கத்தோடு வருபவர்கள், தங்கள் தாய் தகப்பனைப் பற்றி யாருக்கும் பொருந்தும் வார்த்தைகளை எழுதிக்கொண்டு வருவதைப் பார்த்துப் பார்த்து மனம் நோகும். அன்புக்குக் குறைவில்லை. அதைச் சொல்ல 'பெரிய' வார்த்தை வேண்டும் என்ற பயம்தான் காரணம். அந்தப் பயத்தைத் தாண்டி எழுதுவதற்கு நான் கண்ட வழியை இங்கே படிப்படியாகச் சொல்கிறேன். மலர்ச்சாலைக்குப் போக ஒரே இரவுதான் இருக்கிறது என்றாலும் இது போதும்.

முதலாவது: பேனையைத் தொட முன் ஒருவரிடம் கதையுங்கள்

வெற்றுத் தாளுக்கு முன்னால் உட்கார்ந்தால் கை தானாகவே கேட்டுப் பழகிய வசனங்களைத்தான் எழுதும். அதனால் முதலில் எழுத வேண்டாம். இறந்தவரை அவ்வளவாகத் தெரியாத ஒருவரைப் பிடியுங்கள். மருமகளின் தம்பியாக இருக்கலாம், அலுவலக நண்பராக இருக்கலாம். கைத்தொலைபேசியில் ஒலிப்பதிவைப் போட்டுவிட்டு அவரிடம் இருபது நிமிடம் கதையுங்கள். அவர் உங்களிடம் கேட்க வேண்டிய கேள்விகள் இவை: காலையில் எழும்பியதும் அவர் முதலில் என்ன செய்வார்? எந்தப் பொருளை யாரும் தொட விடமாட்டார்? அடிக்கடி சொல்லும் ஒரு சொல் என்ன? எதற்குக் கோபம் வரும்? காசு இல்லாத காலத்தில் எதை விட்டுக் கொடுத்தார், எதை விடவில்லை? கடைசியாக உங்களோடு என்ன கதைத்தார்?

"அவர் எப்படிப்பட்டவர்?" என்று மட்டும் கேட்கவே கூடாது. அந்தக் கேள்விக்கு "தங்கமானவர்" என்ற பதில்தான் வரும்.

திரும்பப் போட்டுக் கேட்கும்போது உங்கள் குரல் எங்கே மாறுகிறது என்று கவனியுங்கள். சிரித்த இடம், தொண்டை அடைத்த இடம், "அது ஒரு நாள்" என்று தொடங்கிய இடம். அந்த இடங்களை மட்டும் தாளில் குறித்துக்கொள்ளுங்கள். மூன்று கிடைத்தால் தாராளம். ஒன்று கிடைத்தாலும் உரை எழுதலாம்.

இரண்டாவது: யாரையும் நம்பவைக்க வேண்டியதில்லை

தேர்தல் மேடையில் நிற்பவர் கேட்பவரைத் தன் பக்கம் இழுக்க வேண்டும். வழக்காடுகிறவர் நீதிபதியை இணங்கவைக்க வேண்டும். அவர்களுக்குச் சோடனை ஒரு கருவி. அதை நான் குறை சொல்லமாட்டேன். மலர்ச்சாலைக் கதிரையில் இருப்பவர்களோ உங்கள் அம்மாவைத் தெரிந்துதான் வந்திருக்கிறார்கள். அலுவலகத்தில் அரைநாள் லீவு போட்டு, காலி வீதியின் வாகன நெரிசலைத் தாண்டி வந்து வெள்ளை உடுப்போடு உட்கார்ந்திருக்கும் அவர்களிடம் "அவர் மகத்தானவர்" என்று வாதாட ஒன்றுமில்லை. வாதாடத் தொடங்கினால், சந்தேகப்படாத ஒருவருக்குச் சத்தியம் செய்து காட்டுவது போல இருக்கும்.

அவர்களுக்கு வேண்டியது தங்களுக்குத் தெரியாத ஒரு பக்கம். கூட வேலை செய்தவருக்கு அவரை அலுவலகத்தில்தான் தெரியும், பக்கத்து வீட்டுக்காரருக்கு மாடிப்படியில்தான் தெரியும். வீட்டுக்குள் அவர் எப்படி இருந்தார் என்று சொல்ல உங்களால் மட்டுமே முடியும்.

மூன்றாவது: வெற்றெனத் தொடுத்ததைக் களையுங்கள்

எழுநூறு எண்ணூறு வருடத்துக்கு முன் பவணந்தி முனிவர் நன்னூலில் ஒரு நூலுக்கு வரக்கூடாத குற்றங்கள் பத்தை வரிசைப்படுத்தினார். குன்றக் கூறல், மிகைபடக் கூறல், கூறியது கூறல் என்று போகும் அந்த வரிசையில் ஒன்று 'வெற்றெனத் தொடுத்தல்': பொருளில்லாத சொற்களை மாலை போலக் கோத்துக்கொண்டு போவது. இரங்கலுரைகளில் நான் காணும் குறைகளில் பெரும்பங்கு இதுதான். இன்னொன்று 'மற்றொன்று விரித்தல்'. சங்கத் தலைவர் எழுந்து, இறந்தவரைப் பற்றி இரண்டு வசனமும் சங்கத்தின் சேவையைப் பற்றிப் பத்து நிமிடமும் பேசுவாரே, அது. 'சென்று தேய்ந்து இறுதல்' என்று ஒரு குற்றமும் உண்டு. நன்றாகத் தொடங்கி, போகப் போக மெலிந்து, முடிக்கத் தெரியாமல் முடிவது. அதைப் பிறகு பார்ப்போம்.

வெற்றுச் சொல்லைக் கண்டுபிடிக்க நான் பாவிக்கும் சோதனை ஒன்றே ஒன்று. எழுதிய ஒவ்வொரு வசனத்தையும் எடுத்து, பக்கத்து மண்டபத்தில் வைத்திருக்கும் இன்னொருவரின் பெட்டிக்கு முன்னால் நின்று வாசிப்பதாக நினையுங்கள். அங்கேயும் பொருந்தினால் அந்த வசனத்தை வெட்டலாம்.

"பாசத்தின் பிறப்பிடமே" பக்கத்து மண்டபத்துக்கும் பொருந்தும். "திகதி முடிந்த பிஸ்கட்டை ஒருநாளும் அந்தப் பைக்குள் வைத்திருக்கமாட்டார்" வேறு எந்த மண்டபத்துக்கும் பொருந்தாது.

அன்றைக்கு அந்தத் தம்பியும் நானும் இருந்து செய்த திருத்தம் ஒன்றை அப்படியே காட்டுகிறேன். அவர் எழுதியிருந்தது:

"இன்னல்கள் பல சூழ்ந்தபோதும் அஞ்சாது, துணிவே துணையெனக் கொண்டு, தன் பிள்ளைச் செல்வங்களைக் கண்ணை இமை காப்பது போல் காத்து வளர்த்த வீரத்தாயே!"

எந்த இன்னல் என்று கேட்டேன். எண்பத்து மூன்று, அந்த ஜூலைக் கலவரம் என்றார். என்ன நடந்தது? வீடு எரிந்தது. பிறகு? முகாம். பிறகு? கப்பல். இமை எப்படிக் காத்தது? முகாமில் இரவில் அம்மா படுக்கவில்லை. பிள்ளைகள் மூன்று பேரின் சட்டை நுனியையும் தன் சேலைத் தலைப்போடு முடிந்துவிட்டுச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். இதைச் சொல்லும்போது அவர் தன் விரலால் முடிச்சுப் போடும் மாதிரி செய்து காட்டினார். நாங்கள் எழுதியது:

"முகாமில் இரவில் அம்மா படுக்கவில்லை. எங்கள் மூன்று பேரின் சட்டை நுனியையும் தன் சேலைத் தலைப்போடு முடிந்துவிட்டுச் சுவரில் சாய்ந்து இருந்தார்."

'வீரத்தாய்' என்ற சொல் போய்விட்டது. அந்தச் சொல் சொல்ல நினைத்தது போகவில்லை. கேட்பவர் அதைத் தானே உணர்ந்துகொள்வார்.

அடைமொழிகளை வெட்டப் பலருக்குக் கை கூசும். மரியாதைக் குறைவு என்று நினைப்பார்கள். அவர்களுக்கு நான் காட்டுவது புறநானூற்றின் 112ஆம் பாட்டு. தகப்பன் பாரி இறந்து, பறம்பு மலையும் பறிபோன பிறகு அவன் மகளிர் பாடியது. துறை கையறுநிலை, அதாவது இழப்பில் செயலற்று நின்று பாடுவது. ஐந்தே அடி. அன்றைய நிலவில் எங்கள் தகப்பனும் இருந்தார், எங்கள் குன்றையும் பிறர் கொள்ளவில்லை. இன்றைய நிலவில் குன்றையும் கொண்டார்கள், எங்களுக்குத் தகப்பனும் இல்லை. அவ்வளவுதான். பாரி வள்ளல் என்றோ மாவீரன் என்றோ அந்த ஐந்து அடியில் ஒரு சொல்லும் இல்லை. வள்ளல்களில் ஒருவனாக நாடே அறிந்த மனிதனைப் பற்றி அவன் பெற்ற பிள்ளைகள் 'எந்தை' என்ற ஒரு சொல்லோடு நிறுத்திக்கொண்டார்கள்.

நான்காவது: எல்லாவற்றையும் வெட்டிவிட வேண்டாம்

இங்கே ஒரு எச்சரிக்கை. வெட்டும் ருசி கண்டவர்கள் வெட்டக்கூடாததையும் வெட்டிவிடுவார்கள்.

"யாழ்ப்பாணத்தைப் பிறப்பிடமாகவும் கொழும்பு வெள்ளவத்தையை வதிவிடமாகவும் கொண்ட…" என்று பத்திரிகை மரண அறிவித்தல் தொடங்கும். "இவ்வறிவித்தலை உற்றார், உறவினர், நண்பர்கள் அனைவரும் ஏற்றுக்கொள்ளவும்" என்று முடியும். பழகிய வாய்ப்பாடுதான். ஆனாலும் அது சோடனை இல்லை. யார், எங்கிருந்து வந்தவர், யாருக்கு என்ன முறை, எப்போது தகனம் என்பதை ஒரு பெட்டிக்குள் அடக்கும் வேலை அதற்கு. பிறப்பிடம், வதிவிடம் என்ற இரண்டு சொல்லுக்கு நடுவில் எத்தனை ரயில் பயணம், எத்தனை வாடகை வீடு இருக்கிறது என்று வாசிப்பவருக்குத் தெரியும். அதை மாற்றாதீர்கள்.

"சிவபதம் எய்தினார்", "கர்த்தருக்குள் நித்திரையடைந்தார்" என்பவையும் அப்படியே. நம்புகிறவர் சொன்னால் அது நம்பிக்கை. நம்பாதவர் எழுத வேண்டியதில்லை, "காலமானார்" போதும்.

கல்வெட்டில் வரும் திதி வெண்பாவைப் பார்த்தால் வெறும் அலங்காரம் போலத் தெரியும். ஆண்டின் பெயர், மாதம், வளர்பிறையா தேய்பிறையா, எந்தத் திதி என்பதை நாலடிக்குள் கட்டி வைப்பது அது. வருடா வருடம் திவசத்தை எந்த நாளில் செய்வது என்று பேரப்பிள்ளைகள் அதைப் பார்த்துத் தெரிந்துகொள்கிறார்கள். ஓசை அங்கே ஞாபகத்துக்காக இருக்கிறது. எனக்கு மிகப் பிடித்த வெண்பாக்கள் அவைதான்.

ஒப்பாரியும் அப்படித்தான். "என்ரை ராசா" என்று ஒரு கிழவி நெஞ்சில் அடித்து அழும்போது அந்த உவமைகள் ஆயிரம் தடவை பாடப்பட்டவை என்பது உண்மைதான், ஆனால் அந்த அழுகை அவளுடையது. தொடர்மாடி வீடுகளில் இப்போது அதைக் கேட்பது அருமையாகிவிட்டது. யாராவது ஒரு பெரியம்மா தொடங்கினால், உங்கள் உரைக்கு நேரமாகிவிட்டது என்று தயவுசெய்து நிறுத்தாதீர்கள்.

ஐந்தாவது: சொல்லக் கூடாத உண்மைகள்

எல்லா மரணமும் சுலபமான மரணம் இல்லை. குடித்தே வீட்டை அழித்த தகப்பனுக்கும் யாராவது பேசத்தான் வேண்டும். ஒரு பிள்ளை என்னிடம் நேராகவே கேட்டாள்: "நேர்மையாப் பேசச் சொல்லுறீங்கள். அப்ப இதையும் சொல்லுறதோ, மாமா?"

வாய்மை எது என்று கேட்டு, யாதொன்றும் தீமை இலாத சொலல் என்று வள்ளுவர் பதில் சொன்னார். அந்த இடத்தில் எனக்கு அதைவிட நல்ல வழிகாட்டி தெரியாது. நேர்மை என்றால் மனதில் உள்ள எல்லாவற்றையும் கொட்டுவது என்று பொருள் இல்லை. சொல்லும் ஒவ்வொன்றும் உண்மையாக இருக்க வேண்டும், அவ்வளவே. 'உத்தமர்' என்று சொல்லாதீர்கள். அம்மா அங்கே இருந்து கேட்டுக்கொண்டிருப்பார், அவருக்கு அது இரண்டாவது அடி. அதேபோலக் கணக்குத் தீர்க்கவும் வேண்டாம். அந்தப் பிள்ளை கடைசியில் சொன்னது இது: "அப்பாவோடு வாழ்வது எங்களுக்கு இலேசாக இருக்கவில்லை. அவருக்கும் இலேசாக இருந்திருக்காது. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது காலிமுகத்திடலில் பட்டம் விடக் கற்றுக் கொடுத்தார். நூலை எப்போது விட வேண்டும் என்று அவருக்கு நன்றாகத் தெரியும்." தாய் அழுதார். பிறகு மகளின் கையைப் பிடித்துக்கொண்டார்.

ஆறாவது: எந்தத் தமிழில் பேசுவது

இது எங்களுக்கே உரிய சிக்கல். எழுத உட்கார்ந்தால் "அன்னார்", "இவ்வுலகை நீத்தார்" என்று வருகிறது. கதைக்கும்போது "அவ", "போயிட்டா" என்கிறோம். முழுவதும் பேச்சுத் தமிழில் வாசித்தால் வயதானவர்கள் சிலருக்குச் சபை மரியாதை இல்லாதது போலிருக்கும். முழுவதும் ஏட்டுத் தமிழில் வாசித்தால் இறந்தவர் தூரப் போய்விடுவார்.

நான் சொல்லிக் கொடுப்பது: நடந்ததை எளிய எழுத்துத் தமிழில் சொல்லுங்கள், சின்ன வசனமாக. இறந்தவர் சொன்னதை மட்டும் அவர் சொன்னபடியே, அவருடைய ஊர்ப் பேச்சிலேயே விடுங்கள். "பிள்ளை, லைற்றை நூத்துப்போட்டுப் படு" என்பதை "விளக்கை அணைத்துவிட்டு உறங்கு" என்று மாற்றினால் அம்மா அங்கே இல்லை. 'அன்னார்', 'அவர்' என்று திரும்பத் திரும்ப எழுதுவதற்குப் பதிலாக 'அம்மா' என்றே எழுதுங்கள்.

எளிய வசனம் படிக்காதவர் வசனம் என்ற எண்ணம் இன்னும் சிலருக்கு இருக்கிறது. பிரசங்கத்துக்கென்றே 1849இல் திருவாவடுதுறை ஆதீனம் 'நாவலர்' என்ற பட்டம் கொடுத்த ஆறுமுக நாவலர்தான் சிறு பிள்ளைகளுக்கு விளங்கும்படி பாலபாடங்களும் எழுதினார். எங்கள் மண்ணில் அவரைவிடச் சொல்வன்மை உள்ளவரைத் தேட முடியாது. தமிழ் வசன நடைக்கு வழி காட்டியவர் என்று அவரை இன்றும் போற்றுவது அந்தத் தெளிவுக்காகவும்தான்.

கொழும்பில் இன்னொன்றும் உண்டு. கதிரைகளில் சிங்கள அயலவர்கள் இருப்பார்கள், அலுவலகத்து நண்பர்கள் இருப்பார்கள். அவர்களுக்காக இரண்டே இரண்டு சிங்கள வசனம் சேருங்கள். உடைந்த சிங்களமானாலும் பரவாயில்லை, நீங்களே சொல்லுங்கள். வெளிநாட்டிலிருந்து நேரலையில் பார்க்கும் சொந்தங்களுக்காகக் கமராவைப் பார்த்துப் பேசாதீர்கள். பெட்டிக்குப் பக்கத்தில் இருப்பவர்களைப் பாருங்கள். டொரொண்டோவில் இருக்கும் அண்ணாவும் அங்கேதான் நிற்க விரும்புகிறார்.

ஏழாவது: அளவு

தகனத்துக்கு நேரம் குறித்திருப்பார்கள். மலர்ச்சாலையில் கிரியை முடிய வேண்டும், தேவாரம், திருப்பொற்சுண்ணம் பாட வேண்டும், கனத்தை மயானத்துக்குப் போய்ச் சேர வேண்டும். மூன்று நிமிடம் போதும். மணிக்கூடு வைத்துப் பார்த்த அளவில், துக்கத்தோடு நிதானமாக வாசிப்பவர் ஒரு நிமிடத்துக்கு எழுபது, எண்பது சொல்லுக்கு மேல் வாசிப்பதில்லை. ஆகவே இருநூறு சொல்லுக்குக் கொஞ்சம் கூட எழுதுங்கள்.

முடிவில்தான் 'சென்று தேய்ந்து இறுதல்' வரும். "இன்னும் சொல்லிக்கொண்டே போகலாம், நேரம் போதாமையால்…" என்று இழுக்க வேண்டாம். வைத்திருப்பதில் உங்களை அதிகம் தொட்ட சம்பவத்தைக் கடைசிக்கு வைத்துக்கொண்டு, அது முடிந்ததும் நிறுத்துங்கள். ஆத்ம சாந்திப் பிரார்த்தனையை எல்லோரும் சேர்ந்து தனியாகச் செய்யலாம்.

அந்தத் தம்பியின் உரையின் பின்பாதி, அவர் அனுமதியோடு:

"1983 ஜூலையில் எங்கள் வீடு எரிந்தது. முகாமில் இரவில் அம்மா படுக்கவில்லை. எங்கள் மூன்று பேரின் சட்டை நுனியையும் தன் சேலைத் தலைப்போடு முடிந்துவிட்டுச் சுவரில் சாய்ந்து இருந்தார். பிறகு கப்பலில் காங்கேசன்துறைக்குப் போனோம். இரண்டு வருடத்தில் திரும்பி வந்தோம். வந்த அன்றே அம்மா வாசல் கதவுக்குப் பக்கத்தில் ஒரு நீலப் பை வைத்தார். எங்கள் பத்திரங்கள், காணி உறுதி, ஒரு டோர்ச், ஒரு பைக்கற் பிஸ்கட். திகதி முடிய முன் புதிய பைக்கற் வைப்பார், பழையதைத் தேத்தண்ணியோடு எங்களுக்குத் தருவார். நாங்கள் வளர்ந்து, கல்யாணம் முடித்து, வீடு மாறினோம். பையும் கூட வந்தது. 'இனி என்னத்துக்கம்மா?' என்று கேட்டால், 'இருக்கட்டும், சாப்பாடா கேக்குது?' என்பார். நேற்று அந்தப் பையைத் திறந்து பார்த்தோம். பிஸ்கட்டுக்கு இன்னும் திகதி முடியவில்லை."

எட்டாவது: வாசிக்கும் நேரம்

பெரிய எழுத்தில், தாளின் ஒரு பக்கத்தில் மட்டும் அச்சடியுங்கள். ஒரு வசனம் ஒரு வரியாக இருந்தால் கண்ணீர் மறைத்தாலும் இடம் தப்பாது. இரவு இரண்டு தடவை சத்தமாக வாசியுங்கள். நாக்குத் தடக்கும் சொல் அநேகமாக உங்களுடைய சொல் இல்லை, அதை மாற்றுங்கள். அழுகை வந்தால் நிறுத்துங்கள். யாரும் அவசரப்படமாட்டார்கள். மன்னிப்புக் கேட்க வேண்டாம்.

இரண்டாவது பிரதி ஒன்றைக் குடும்பத்தில் ஒருவர் கையில் கொடுத்து வையுங்கள். எந்த வரியில் நிற்கிறீர்கள் என்று அவர் விரல் வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கட்டும். அந்தத் தம்பி "நேற்று" என்ற சொல்லோடு நின்றுவிட்டார். முன்வரிசையில் இருந்த அவருடைய மகள் எழுந்து வந்து, தகப்பனின் தோளில் ஒரு கையை வைத்துக்கொண்டு மிச்சத்தை வாசித்தாள்.